ஒரு கையெழுத்தால் வந்த கெட்ட பெயர்

தேர்தல் தொகுதிகளை ஒரு கட்சிக்குச் சாதகமாக வெட்டி ஒட்டுவதற்கு ஆங்கிலத்தில் ‘ஜெரிமாண்டர்’ என்று பெயர். தொகுதி எல்லை பற்றித் தகராறு வரும்போதெல்லாம் நம் நாட்டுப் பத்திரிகைகளிலும் இந்தச் சொல் அடிபடுகிறது.

இந்தச் சொல்லுக்குள் ஒரு மனிதரின் பெயர் இருக்கிறது. அவர் எல்பிரிட்ஜ் கெர்ரி. அமெரிக்காவில் மாசாசூசெட்ஸ் மாநிலத்தின் கவர்னராக இருந்தவர்.

அவரைப் பற்றிய வாழ்க்கைக் குறிப்புகளில் சில தவறுகள் திரும்பத் திரும்ப வருகின்றன. தேதிகளை வரிசையாக வைத்துப் பார்த்தால் உண்மை விளங்கும்.

முதல் தவறு பெயரில். அவரை ஊரார் ‘கெர்ரி’ என்றுதான் அழைத்தார்கள். அவர் பெயரில் பிறந்த சொல்லை மட்டும் பிற்காலத்தார் ‘ஜெ’ என்று உச்சரிக்கத் தொடங்கினார்கள்.

கருவாட்டு வியாபாரியின் மகன்

1744-ம் ஆண்டு ஜூலை 17-ந் தேதி மார்பிள்ஹெட் என்ற கடலோர ஊரில் கெர்ரி பிறந்தார். தந்தை கப்பல் வைத்து வியாபாரம் செய்தவர். காட் மீனைக் கருவாடாக்கி ஸ்பெயினுக்கும் மேற்கிந்தியத் தீவுகளுக்கும் அனுப்புவது அவர் தொழில்.

கெர்ரி ஹார்வர்டு கல்லூரியில் படித்து 1762-ல் பட்டம் பெற்றார். பிறகு குடும்ப வியாபாரத்தில் சேர்ந்தார். பிரிட்டிஷ் அரசு போட்ட வரிகளை எதிர்த்துக் கிளர்ச்சி வலுத்தபோது அவரும் அரசியலில் குதித்தார். 1776-ல் பிலடெல்பியாவில் கூடிய காங்கிரசுக்கு உறுப்பினராகச் சென்றார்.

சுதந்திரப் பிரகடனத்தில் ஜூலை 4-ந் தேதி எல்லோரும் கூடிக் கையெழுத்திட்டதாகப் பலர் எழுதுவார்கள். அது சரியல்ல. ஜூலை 4-ல் பிரகடனம் ஏற்கப்பட்டது. பெரும்பாலோர் கையெழுத்திட்டது ஆகஸ்டு 2-ல். அன்று கெர்ரி ஊரில் இல்லை. திரும்பி வந்த பிறகே கையெழுத்திட்டார்.

போடாத கையெழுத்து

1787-ல் அரசியல் சட்டம் எழுத அதே பிலடெல்பியாவில் மாநாடு கூடியது. மாதக்கணக்கில் விவாதம் நடந்தது. கெர்ரியும் அதில் கலந்துகொண்டார். செப்டம்பர் 17-ந் தேதி 39 பேர் கையெழுத்திட்டார்கள். அன்று சபையில் இருந்தும் மறுத்தவர்கள் மூன்று பேர். ஜார்ஜ் மேசன், எட்மண்ட் ராண்டால்ப், மூன்றாமவர் கெர்ரி.

மக்களின் உரிமைகளைக் காக்கும் பிரிவுகள் அந்தச் சட்டத்தில் இல்லை என்பது அவர் கூறிய காரணங்களில் முக்கியமானது. அப்போது அவரை ஏசினார்கள். ஆனால் 1791-ல் அந்த உரிமைகள் பத்துத் திருத்தங்களாகச் சட்டத்தில் சேர்க்கப்பட்டன.

1797-ல் ஜனாதிபதி ஜான் ஆடம்ஸ் மூன்று பேரைப் பிரான்சுக்குத் தூது அனுப்பினார். அங்கே பிரெஞ்சு மந்திரியின் ஆட்கள் லஞ்சம் கேட்டார்கள். மற்ற இருவரும் கோபத்துடன் பாரிசை விட்டுக் கிளம்பினார்கள். தானும் கிளம்பினால் யுத்தம் மூளும் என்று அஞ்சிக் கெர்ரி தங்கினார். ஊர் திரும்பியபோது துரோகி என்ற வசைதான் கிடைத்தது.

1812 பிப்ரவரி 11

கவர்னர் பதவிக்குப் பல முறை நின்று தோற்றவர், 1810-ல் வென்றார். அங்கே ஆண்டுதோறும் தேர்தல். 1811-லும் வென்றார்.

அப்போது சட்டசபையில் அவருடைய ரிபப்ளிகன் கட்சிக்குப் பலம் இருந்தது. எதிர்க்கட்சியான பெடரலிஸ்டுகளின் ஓட்டு சில தொகுதிகளில் மட்டும் குவிந்து வீணாகும்படி, மாநில செனட் தொகுதிகளை மாற்றி ஒரு மசோதாவை நிறைவேற்றினார்கள். 1812 பிப்ரவரி 11-ந் தேதி கெர்ரி அதில் கையெழுத்திட்டார்.

எசெக்ஸ் மாவட்டத்தில் ஒரு தொகுதி தெற்கே செல்சியில் தொடங்கி, மேற்கே வளைந்து, வடக்கே சாலிஸ்பரி வரை நீண்டு கிடந்தது. கெர்ரியின் சொந்த ஊரும் அதில்தான் இருந்தது. மார்ச் 26-ந் தேதி ‘பாஸ்டன் கெசட்’ பத்திரிகை அந்த வரைபடத்துக்குச் சிறகும் நகமும் போட்டு ஒரு பூதமாக வெளியிட்டது. சாலமாண்டர் என்பது பல்லி போன்ற ஒரு பிராணி. அதன் பெயரோடு கவர்னர் பெயரைச் சேர்த்துப் படத்துக்குச் சூட்டினார்கள்.

தேர்தல் முடிவைப் பாருங்கள். பெடரலிஸ்டுகள் பெற்ற ஓட்டு 51,766. கிடைத்த செனட் இடம் 11. ரிபப்ளிகன் கட்சி பெற்ற ஓட்டு 50,164. கிடைத்த இடம் 29.

கவர்னர் தேர்தலில் மாநிலம் முழுவதும் ஒரே தொகுதி. அங்கே எல்லையை வளைக்க வழியில்லை. கெர்ரி தோற்றார்.

யார் குற்றம்?

தொகுதியைக் கெர்ரியே வரைந்தார் என்பது அடுத்த தவறு. வரைந்தவர்கள் சட்டசபைக் கட்சிக்காரர்கள். அந்த மசோதா அவருக்குப் பிடிக்கவில்லை என்று அவருடைய வரலாற்றை எழுதிய மருமகன் ஜேம்ஸ் ஆஸ்டின் கூறுகிறார். மருமகன் சொல்வதை அப்படியே ஏற்க வேண்டியதில்லை. பிடித்ததோ இல்லையோ, கையெழுத்து அவருடையது. அரசியல் சட்டத்தையே மறுத்த பேனா, கட்சிக்காரர்களின் மசோதாவை மறுக்கவில்லை. பழியில் அவருக்கும் பங்கு உண்டு.

பைல் வந்தால் கையெழுத்திட்டு அனுப்பும் வேலையில் இருப்பவர்களுக்கு இது நன்றாகப் புரியும். குறிப்பு எழுதியவர் யாராக இருந்தாலும், பிற்பாடு கேள்வி கேட்கப்படுவது கையெழுத்திட்டவரைத்தான்.

இன்னொரு கையெழுத்தும் அவரை வாட்டியது. தம்பியின் கடனுக்குப் பொறுப்பேற்றிருந்தார். அந்தச் சுமை கடைசிவரை தீரவில்லை.

1813 மார்ச்சில் ஜேம்ஸ் மாடிசனின் கீழ் துணை ஜனாதிபதியானார். 1814 நவம்பர் 23-ந் தேதி செனட் சபைக்குப் புறப்பட்ட வழியில் உயிர் பிரிந்தது. வயது 70. குடும்பத்துக்கு மிஞ்சியது கடன்தான். மனைவி ஆன் 1849 வரை வாழ்ந்தார்.

சுதந்திரப் பிரகடனத்தில் கையெழுத்திட்டவர்கள் 56 பேர். அவர்களில் தலைநகர் வாஷிங்டன் மண்ணில் அடக்கமானவர் கெர்ரி ஒருவரே.