எல்லீசர் கண்ட மொழிக் குடும்பம்

பௌர்ணமிதோறும் நம் கிரிவலப் பாதையில் தமிழோடு தெலுங்கும் கன்னடமும் ஒலிக்கக் கேட்கிறோம். மூன்றிலும் 'கண்' ஏறத்தாழ ஒரே சொல்தான். இவ்வொற்றுமை எங்கிருந்து வந்தது? சான்று காட்டி விடை சொன்ன முன்னோடி பிரான்சிஸ் ஒயிட் எல்லிஸ். தமிழறிஞர் அவரை எல்லீசர் என்றனர்.

1777-இல் பிறந்த அவர், கிழக்கிந்தியக் கம்பெனி ஊழியராகச் சென்னைக்கு வந்து, 1810-இல் கலெக்டரானார். தமிழ் கற்றுத் திருக்குறளில் தோய்ந்தார். தென்னாட்டு மொழிகள் வடமொழியிலிருந்து பிறந்தவை என்றே அறிஞர் பலரும் நம்பிய காலம் அது. எல்லீசரோ வேர்ச்சொற்களை ஒப்பிட்டு, அவை தனிக் குடும்பம் என்று 1816-இல் நிறுவினார். கால்டுவெல்லின் ஒப்பிலக்கணம் வெளிவந்தது 1856-இல்தான்.

நாற்பது வயதுவரை நூல் வெளியிடுவதில்லை என்று அவர் உறுதி பூண்டிருந்தாராம். நாற்பதைத் தாண்டிய சிறிது காலத்தில், 1819 மார்ச்சில், தவறுதலாக நஞ்சு உட்கொண்டு இராமநாதபுரத்தில் மாண்டார். அவருடைய ஏடுகள் பல சமையலறை அடுப்பில் எரிந்தன என்பர். மொழிக் குடும்பக் கட்டுரையோ, காம்பெல் எழுதிய தெலுங்கு இலக்கணத்தின் முன்னுரையில் இடம்பெற்றதால் பிழைத்தது.

எங்கள் வீட்டில் முதன்முதல் கல்லூரி கண்டவன் நான். அறிந்ததை நாளைக்கென்று ஒத்திப்போடாமல் எழுதிவிட வேண்டும் என்பதே, நண்பர்களே, எல்லீசர் வாழ்வில் நான் கற்ற பாடம்.