லட்சம் மைல் போன காமிரா – ஏ.கே.செட்டியார்



சேலத்தில் ஏற்காடு ரோட்டில் போகும்போது மாடர்ன் தியேட்டர்ஸ் வளைவைப் பார்த்திருப்பீங்க. அந்தக் கம்பெனியின் முதல் படமான ‘சதி அகல்யா’ 1937-ல் வந்தது. அப்போதெல்லாம் சினிமா என்றால் பெரும்பாலும் புராணக் கதைதான். ராஜா வேஷம், அரண்மனை, பாட்டு!

அதே 1937-ல் ஒரு தமிழர் வேறு மாதிரி படம் எடுக்க நினைத்தார். அதில் நடிகர் கிடையாது, வேஷம் கிடையாது. நடந்ததை நடந்தபடியே காட்டுவது. இதைத்தான் ஆவணப்படம் என்கிறோம். அவரைப் பற்றித்தான் நான் எழுதுகிறேன்.

அவர் பெயர் அண்ணாமலை கருப்பன் செட்டியார். சுருக்கமாக ஏ.கே.செட்டியார். காரைக்குடி பக்கம் கோட்டையூரில் 1911-ல் பிறந்தார். ஜப்பானுக்கும் அமெரிக்காவுக்கும் போய் போட்டோ பிடிக்கும் கலையைப் படித்தார்.

1937 அக்டோபர் 2, காந்தி பிறந்த நாள். அன்று நியூயார்க்கிலிருந்து கப்பலில் போய்க்கொண்டிருந்தபோது, காந்தியின் வாழ்க்கையைப் படமாக்கும் எண்ணம் அவருக்கு வந்தது. வயசு இருபத்தைந்துதான்!

ஆனால் அது லேசான வேலையா? காமிராவுக்காக நின்று போஸ் கொடுப்பது காந்திக்குப் பிடிக்காது. தண்டி யாத்திரை 1930-லேயே முடிந்துவிட்டது. அதைத் திரும்ப நடந்து காட்டச் சொல்ல முடியுமா? அதனால் யார் யார் எங்கெங்கே காந்தியைப் படம் பிடித்தார்களோ, அவர்களைத் தேடிப் போனார். தென்னாப்பிரிக்கா, ஐரோப்பா, அமெரிக்கா என்று சுமார் ஒரு லட்சம் மைல் சுற்றினார். 50,000 அடி பிலிம் சேர்ந்தது. அதைச் சுருக்கி 12,000 அடி படமாக்கினார்.

1940 ஆகஸ்ட் 23-ல் படம் சென்னையில் வெளிவந்தது. அது வெள்ளைக்காரன் ஆட்சி, யுத்த காலம் வேறு. பறிமுதல் ஆகிவிடுமோ என்று படச்சுருள்களை ஒளித்து வைக்க வேண்டியிருந்தது. 1953-ல் அமெரிக்காவில் இதன் ஆங்கிலப் படம் வந்தது. தமிழ்ப் படமோ காணாமல் போய், பல வருஷம் யாராலும் பார்க்க முடியவில்லை. அவ்வளவு பாடுபட்டுச் சேர்த்ததற்கே இந்த கதி!

செட்டியார் சோர்ந்து போகவில்லை. 1943-ல் ‘குமரி மலர்’ மாத இதழைத் தொடங்கி, 1983-ல் இறக்கும் வரை நடத்தினார். அந்தக் காலத்து ஆட்கள் நம் ஊர்களைப் பார்த்து எழுதிய பயணக் கட்டுரைகளைத் தேடித் தொகுத்தார்.

நண்பர்களே, காந்தியைப் படம் பிடிக்க உலகம் பூராவும் ஆள் இருந்தார்கள். எங்க தெருத் தறிக்காரத் தாத்தாவை யார் பிடித்து வைத்திருக்கிறார்கள்? முன்னே வீட்டுக்கு வீடு கைத்தறிச் சத்தம் கேட்குமாம். இப்போ ரெண்டே தறிதான் ஓடுது. அதுவும் நின்றுவிட்டால் பாவு எப்படிப் போட்டாங்க, நாடா எப்படி ஓடிச்சுன்னு நம்ம தம்பி தங்கைக்குக் காட்ட எதுவும் இருக்காது.

வீட்டில் செல்போன் இருக்கிறது. இந்த லீவில் ஆளுக்கு ஒரு தொழிலைப் படம் எடுப்போம். சேகோ மில், வெள்ளிக் கொலுசுப் பட்டறை, மண்பானைச் சூளை எதுவானாலும் சரி. அவங்களைக் கேட்டுக்கிட்டு எடுக்கணும். இப்படித் திரும்புங்க, சிரிங்கன்னு மட்டும் சொல்லக் கூடாது. வேலை நடக்கிறபடியே நடக்கட்டும், நாம் பொறுமையாகப் பார்ப்போம்.

லட்சம் மைல் போக வேண்டாம். பக்கத்துத் தெருவுக்குப் போனால் போதும்!

– 9 ‘ஆ’ பிரிவு மாணவி