வானுக்கு வழி கண்ட வாய்மையாளர் ஜோகன்னஸ் கெப்ளர்

ஞாயிறு நடுவில் நிற்க, நாம் வாழும் புவியும் ஏனைய கோள்களும் அதனைச் சுற்றி வருகின்றன என்பதை இன்று பள்ளிச் சிறாரும் அறிவர். இவ்வுண்மையை உலகுக்கு உரைத்தவர் யார் என வினவின், கோப்பர்னிக்கஸ் என்றோ கலிலியோ என்றோ விடை வரும். அவ்விடை பிழையன்று, ஆயினும் முழுமையானதன்று. கோப்பர்னிக்கஸ் ஞாயிற்றை நடுவில் வைத்தார். கலிலியோ தொலைநோக்கியின் துணையால் அக்கொள்கைக்கு வலுவூட்டினார். ஆனால் கோள்கள் எவ்வடிவான பாதையில், எவ்விரைவில் செல்கின்றன என்பதைக் கணித்து, அக்கொள்கையைக் கணக்கின் அடித்தளத்தில் நிறுத்தியவர் ஜோகன்னஸ் கெப்ளர். அவருடைய மூன்று விதிகளை மனப்பாடம் செய்யும் மாணவச் செல்வங்கள் பலர், அவற்றின் பின்னே நிற்கும் வாழ்க்கையை அறியார். அவ்வாழ்க்கையை இம்மலரில் சுருங்கக் கூற விழைகிறோம்.

கெப்ளரின் அருமை விளங்கவேண்டுமாயின், அவருக்கு முன் வானியல் நின்ற நிலையை நாம் அறிதல் வேண்டும். கி.மு. மூன்றாம் நூற்றாண்டிலேயே சாமோஸ் தீவைச் சேர்ந்த அரிஸ்டார்க்கஸ் என்னும் கிரேக்க அறிஞர், புவியே ஞாயிற்றைச் சுற்றுகிறது எனக் கூறினார். அக்கருத்து நிலைபெறவில்லை. கி.பி. இரண்டாம் நூற்றாண்டில் அலெக்சாந்திரியாவில் வாழ்ந்த தாலமி, புவியை நடுவில் வைத்து வகுத்த முறையே ஆயிரத்து முந்நூறு ஆண்டுகளுக்கு மேல் கோலோச்சியது. அரபு மொழியில் பெயர்க்கப்பெற்ற அவர் நூலை இசுலாமிய உலகின் அறிஞர்கள் வழிபாட்டுணர்வோடு ஏற்காமல் ஆய்வுணர்வோடு கற்றனர். அல்பத்தானி புதிய அளவீடுகளைத் தந்தார். மராகா வான்காணகத்தின் தலைவர் நசீருத்தீன் தூசியும், திமிஷ்கு நகர் உமையாப் பள்ளிவாசலில் நேரம் கணிக்கும் பணியில் இருந்த இப்னு ஷாத்திரும் தாலமியின் குறைகளைக் களையப் புதிய கணித அமைப்புகளை வகுத்தனர். அவர்கள் புவியை நடுவிலிருந்து அகற்றவில்லை எனினும், அவர்தம் அமைப்புகளுக்கு ஒப்பானவற்றைக் கோப்பர்னிக்கஸ் 1543-ஆம் ஆண்டில் வெளியிட்ட நூலில் காண்கிறோம். அல்பத்தானியின் பெயரையே அந்நூல் சுட்டுகிறது. இவர்கள் அனைவரும் ஒன்றில் மட்டும் உடன்பட்டு நின்றனர்: வானத்து இயக்கம் வட்டங்களால் ஆனது என்பதே அது. வட்டமே குறையற்ற வடிவம் என்னும் நம்பிக்கை இரண்டாயிரம் ஆண்டுப் பழமையுடையது. கோப்பர்னிக்கஸும் அதனை விடவில்லை.

கெப்ளர் 1571-ஆம் ஆண்டு டிசம்பர் 27-ஆம் நாள், இன்றைய ஜெர்மனியின் தென்பகுதியில் உள்ள வைல் டெர் ஷ்டாட் என்னும் சிற்றூரில் பிறந்தார். தந்தை கூலிப்படை வீரர். போரைத் தேடிச் சென்று, இறுதியில் குடும்பத்தை விட்டே நீங்கியவர். தாய் கத்தரினா விடுதி நடத்தியவரின் மகள். மூலிகை மருந்து அறிந்தவர். இளமையிற் கண்ட பெரியம்மை கெப்ளரின் பார்வையை மங்கச் செய்து, கைகளையும் நலியச் செய்தது. வானத்தை ஆராயப் பிறந்தவருக்குக் கண்ணொளி குன்றியது நம் நெஞ்சை நெகிழ்விக்கும் செய்தியாகும். எனினும் 1577-ஆம் ஆண்டில் தோன்றிய பெரிய வால்மீனைக் காட்ட, ஆறு வயதும் நிரம்பாத மகனை உயர்ந்த இடமொன்றுக்கு அழைத்துச் சென்றவர் அந்தத் தாயே. அத்தாயை நாம் மீண்டும் சந்திப்போம்.

வறுமையில் வாடிய அம்மாணவர் உதவித்தொகையின் துணையால் 1589-இல் டூபிங்கன் பல்கலைக்கழகம் புகுந்தார். இறைப்பணியாளர் ஆவதே அவர் நோக்கம். அங்கு மிக்காயேல் மேஸ்ட்லின் என்னும் ஆசிரியரிடம் கோப்பர்னிக்கஸின் கொள்கையைக் கற்றார். ஓர் ஆசிரியர் தம் மாணவர் உள்ளத்தில் இட்ட விதை உலகையே மாற்றியமைத்ததற்கு இதனினும் சிறந்த சான்று வேண்டுவதில்லை. 1594-இல் ஆஸ்திரிய நாட்டுக் கிராட்ஸ் நகரப் பள்ளியில் கணித ஆசிரியரானார். கோள்கள் ஏன் ஆறாக மட்டும் உள்ளன என்பது அவரை வாட்டிய வினா; அக்காலத்தில் அறியப்பட்டவை ஆறே. ஒழுங்குத் திண்மங்கள் ஐந்தும் ஒன்றனுள் ஒன்றாக அமைந்து அவ்வாறு கோள்களின் இடைவெளிகளை வகுக்கின்றன என்று விடை கண்டு, 1596-இல் நூலாக்கினார். அவ்விடை பிழையானது. ஆனால் அந்நூலே அவரை டென்மார்க்கு நாட்டு வானியலறிஞர் டைக்கோ பிராகியின் பார்வைக்குக் கொண்டு சென்றது.

லூத்தரன் கிறித்தவரான கெப்ளர், கத்தோலிக்க ஆட்சியாளரின் ஆணைக்கிணங்கி மதம் மாற மறுத்தமையால், 1600-ஆம் ஆண்டில் கிராட்ஸ் நகரிலிருந்து வெளியேற்றப்பட்டார். குடும்பத்தோடு பிராகு நகர் சென்று டைக்கோவின் உதவியாளரானார். தொலைநோக்கி தோன்றாத அக்காலத்தில், பெரும் அளவுகருவிகளைக் கொண்டு வெறுங்கண்ணாலேயே இருபது ஆண்டுகளுக்கு மேல் வானை அளந்து குறித்தவர் டைக்கோ. புவி அசையாது என்பது அவர் கொள்கை. அசைகிறது என்பது கெப்ளரின் கொள்கை. கருத்தால் வேறுபட்ட இருவரையும் அளவீடு ஒன்றுபடுத்தியது. 1601 அக்டோபரில் டைக்கோ மறைய, அவர் வகித்த பேரரசுக் கணிதர் பதவி கெப்ளரை வந்தடைந்தது. ஊதியம் மட்டும் உரிய காலத்தில் வந்ததில்லை.

இனி, இவ்வாழ்க்கையின் உயிர்நிலையான பகுதிக்கு வருகிறோம். செவ்வாய்க் கோளின் பாதையைக் கணிக்கும் பொறுப்பைக் கெப்ளர் ஏற்றார். வட்டப் பாதையைக் கொண்டு, எழுபது முறைக்குக் குறையாமல் கணக்கைத் திரும்பத் திரும்பச் செய்து, டைக்கோவின் குறிப்புகளோடு மிக நெருங்கிப் பொருந்தும் ஓர் அமைப்பைக் கண்டார். ஆனால் அது ஞாயிற்றுக்கும் செவ்வாய்க்கும் உள்ள தொலைவைத் தவறாகக் காட்டியது. தொலைவைத் திருத்தியபோதோ, கோள் நிற்கும் இடம் எட்டுக் கலை விலகியது. ஒரு பாகையை அறுபது கூறாக்கினால் வருவது ஒரு கலை. முழுநிலவின் குறுக்களவே ஏறத்தாழ முப்பது கலை. எனவே எட்டுக் கலை என்பது நிலவின் அகலத்தில் கால் பங்கைச் சிறிதே விஞ்சிய வேறுபாடு. தாலமியும் கோப்பர்னிக்கஸும் அவ்வளவு வேறுபாட்டைப் பொருட்படுத்தியிரார். அவர்களிடம் இருந்த அளவீடுகளே அத்துணை நுட்பம் உடையன அல்ல.

கெப்ளர் நினைத்திருந்தால் அவ்வெட்டுக் கலையைப் பார்வைப் பிழை என்று ஒதுக்கியிருக்கலாம். எவரும் வினவியிரார். ஆனால் டைக்கோவின் அளவீடு அத்துணைப் பிழைபடாது என்பதை அவர் அறிவார். இறைவன் அத்தகைய உழைப்பாளியைத் தந்திருக்க, அவ்வுழைப்பைப் புறக்கணிப்பது நன்றியன்று எனக் கருதினார். பல ஆண்டு பாடுபட்டுக் கட்டிய தம் கணக்கைத் தாமே இடித்தார். அதனோடு வட்டம் என்னும் பழைய நம்பிக்கையையும் கைவிட்டார். முட்டை வடிவம் முதலியவற்றை முயன்று தோற்று, இறுதியில் செவ்வாயின் பாதை நீள்வட்டம் என்றும், ஞாயிறு அதன் ஒரு குவியத்தில் உள்ளது என்றும் கண்டார். அந்நீள்வட்டத்தின் அகலம் நீளத்தினும் ஆயிரத்தில் நான்கு பங்கு அளவே குறைவு என்பதை எண்ணும்போது, அவர்தம் நுட்பம் நம்மை வியக்க வைக்கிறது. ஞாயிற்றையும் கோளையும் இணைக்கும் கோடு சம காலத்தில் சமப் பரப்பைக் கடக்கும் என்பதை இதற்கு முன்னரே கண்டிருந்தார். டைக்கோவின் உறவினர் எழுப்பிய தடைகளைத் தாண்டி, இவ்விரு விதிகளும் 1609-இல் ‘புதிய வானியல்’ என்னும் நூலாக வெளிவந்தன.

இதற்கிடையே 1604-இல் ஒளியியல் நூலொன்றும் எழுதினார். இப்னு ஹைத்தமின் ஒளியியலைத் தழுவி விட்டெலோ என்பார் இயற்றிய நூலுக்குத் துணைநூலாக அது அமைந்தது. கண்ணின் பின்திரையில் உருவம் தலைகீழாகப் பதிகிறது என்பதை அதில் விளக்கினார். மங்கிய விழியுடையவர் பார்வையின் இயல்பை உலகுக்கு விளக்கினார்!

1611-ஆம் ஆண்டு அவருக்குத் துயர ஆண்டாயிற்று. ஆறு வயது மகன் பெரியம்மையால் இறந்தான்; மனைவியும் இறந்தார்; ஆதரித்த பேரரசர் இரண்டாம் ருடால்ஃப் முடியிழந்தார். லின்ட்ஸ் நகருக்குக் குடிபெயர்ந்தார். அங்கே அவருடைய சொந்தச் சமயப் பிரிவினரே, தம் கோட்பாட்டு ஆவணம் முழுவதிலும் அவர் கையொப்பமிட மறுத்தார் என்பதற்காக வழிபாட்டு உரிமையை மறுத்தனர். மாற்றார் ஊரைவிட்டு விலக்கினர். உற்றார் சபையைவிட்டு விலக்கினர். மனம் ஒப்பாததற்குக் கையொப்பமிட அவர் இறுதிவரை இசையவில்லை.

1615-இல் பேரிடியொன்று விழுந்தது. லியோன்பர்க் ஊரில் வாழ்ந்த முதிய தாய் கத்தரினா சூனியக்காரி எனக் குற்றஞ்சாட்டப்பட்டார். அவர் தந்த பானத்தால் நோயுற்றதாக அயலாள் ஒருத்தி கூறினாள். எண்ணற்ற பெண்கள் இத்தகைய பழியால் எரிக்கப்பட்ட காலம் அது. 1620-இல் கத்தரினா சிறையிலிடப்பட்டார். எழுபது வயது கடந்த அவரைச் சங்கிலியால் பிணைத்தனர். கெப்ளர் தம் பணிகளை விடுத்து நெடுந்தொலைவு பயணம் செய்து, தாமே தாய்க்காக வழக்காடினார். சாட்சியங்களை ஒன்றோடொன்று ஒப்பிட்டார்; முரண்பாடுகளை எடுத்துக்காட்டினார்; சூனியத்தால் வந்ததாகக் கூறிய நோய்களுக்கு இயற்கைக் காரணங்களைக் காட்டினார். செவ்வாயின் எட்டுக் கலையை விடாத அதே நுண்ணறிவு இங்கே ஓர் உயிரைக் காக்க நின்றதை நாம் காண்கிறோம். வதைக்கருவிகளைக் காட்டி அச்சுறுத்தியபோதும் அம்மூதாட்டி பொய்யாகக் குற்றத்தை ஒப்பவில்லை. பதினான்கு மாதச் சிறைக்குப் பின் 1621 அக்டோபரில் விடுதலையானார். அடுத்த ஆண்டே மறைந்தார்.

இவ்வழக்கு நடந்த ஆண்டுகளிலேயே அவரது மூன்றாம் விதி பிறந்தது என்பது எண்ணி எண்ணி வியத்தற்குரியது. 1618-இன் தொடக்கத்தில் பெண்குழந்தை ஒன்றையும் இழந்திருந்தார். அவ்வாண்டு மே 15-இல் அவ்விதியை உறுதி செய்து, மறு ஆண்டில் வெளியிட்டார். கோள் ஞாயிற்றைச் சுற்றும் காலத்தின் இருபடி, அதன் சராசரித் தொலைவின் முப்படிக்கு ஏற்ப அமையும் என்பதே அது. வியாழன் புவியைப்போல் 5.2 மடங்கு தொலைவில் உள்ளது. ஒருமுறை சுற்ற 11.86 ஆண்டு எடுக்கிறது. முன்னதன் முப்படியும் பின்னதன் இருபடியும் ஏறத்தாழ 140.6 என ஒன்றுபடுவதை மாணவர்கள் தாமே கணக்கிட்டுப் பார்க்கலாம்.

டைக்கோவின் அளவீடுகளையும் தம் விதிகளையும் கொண்டு அமைத்த கோள் அட்டவணையை, முப்பதாண்டுப் போரின் நடுவே 1627-இல் உல்ம் நகரில் அச்சேற்றினார். நிலுவைப் பணம் பெறும் பொருட்டுப் பயணம் புறப்பட்டவர், 1630 நவம்பர் 15-இல் ரேகன்ஸ்பர்க் நகரில் காய்ச்சலால் உயிர் நீத்தார். அகவை 58. அடக்கம் செய்த இடமும் போரில் சிதைந்து மறைந்தது. ஆனால் 1631 நவம்பர் 7-இல் புதன் கோள் ஞாயிற்றின் முகத்தைக் கடக்கும் என அவர் முன்னரே அறிவித்திருந்தார். பாரிசில் கசெந்தி என்னும் அறிஞர் அந்நாளில் அக்காட்சியைக் கண்டார். கல்லறை இழந்தவருக்கு வானமே சான்றுரைத்தது. 1687-இல் நியூட்டன் ஈர்ப்பு விதியை நாட்டியபோது கெப்ளரின் விதிகள் அதன் அடிப்படைகளுள் இடம்பெற்றன. 2009-இல் ஏவப்பட்டு 2018 வரை இயங்கி, ஆயிரக்கணக்கான புறக்கோள்களைக் கண்டறிய உதவிய விண்தொலைநோக்கிக்கும் அவர் பெயரே சூட்டப்பட்டது.

கெப்ளர் குறையற்றவர் அல்லர். வருவாய்க்காகச் சோதிடம் கணித்தார். இளமையிற் கண்ட ஐந்து திண்மங்களின் கற்பனையை இறுதிவரை நேசித்தார். ஆயினும் தம் கருத்துக்கும் கண்ட அளவுக்கும் மாறுபாடு நேர்ந்தபோது அளவை வளைத்தாரல்லர், கருத்தையே மாற்றினார். ஆய்வகத்தில் எண்களைத் திருத்தி விடைக்குப் பொருத்திவிடும் மாணவர்க்கும், சுவடியின் பாட வேறுபாட்டைக் கண்டும் காணாததுபோல் கடந்துவிடும் எம்மனோர்க்கும் இவ்வாழ்க்கை ஒருங்கே பாடமாகும். அறிவைத் தேடிப் புறப்படும் நம் இளைஞர்கள், தம் பாதையில் எதிர்ப்படும் அவ்வெட்டுக் கலையை மறைக்காமல் நின்று நோக்கும் நேர்மையைப் பெறுவார்களாக!