கொலின் சாப்மன்

அந்தோனி கொலின் புரூஸ் சாப்மன் (மே 19, 1928 – டிசம்பர் 16, 1982) இங்கிலாந்தைச் சேர்ந்த பொறியியலாளரும் பந்தயத் தானுந்து வடிவமைப்பாளரும் ஆவார். லோட்டஸ் தானுந்து நிறுவனத்தை நிறுவியவர் இவரே. இவரது தலைமையில் டீம் லோட்டஸ் அணி 1963 முதல் 1978 வரையான காலப்பகுதியில் ஃபார்முலா 1 பந்தயங்களில் ஏழு தயாரிப்பாளர் உலகப் பட்டங்களையும் ஆறு ஓட்டுனர் உலகப் பட்டங்களையும் பெற்றது. எஞ்சினின் ஆற்றலைக் கூட்டுவதை விட வண்டியின் எடையைக் குறைப்பதே வேகத்துக்குச் சிறந்த வழி என்பது இவரது கொள்கை. இக்கொள்கை பல வெற்றிகளைத் தேடித்தந்ததுடன், இவரது வண்டிகளின் பாதுகாப்புப் பற்றிய கடுமையான கேள்விகளையும் எழுப்பியது. இவ்விரண்டையும் ஒருங்கே காட்டும் வண்டியாக லோட்டஸ் 72 விளங்குகிறது.

இளமைக் காலம்

சாப்மன் இங்கிலாந்தின் ரிச்மண்ட் நகரில் பிறந்து வட லண்டனில் வளர்ந்தார். லண்டன் பல்கலைக்கழகக் கல்லூரியில் கட்டமைப்புப் பொறியியல் பயின்றார். அங்கு பல்கலைக்கழக வான்படைப் பிரிவில் சேர்ந்து விமானம் ஓட்டவும் கற்றுக்கொண்டார். குறைந்த எடையில் கூடிய உறுதி என்னும் விமானக் கட்டுமான முறை இவரது பிற்கால வடிவமைப்புகள் பலவற்றில் காணப்படுகிறது.

1948 ஆம் ஆண்டில், பழைய ஆஸ்டின் 7 வண்டியொன்றை அடிப்படையாகக் கொண்டு தனது முதற் போட்டி வண்டியை உருவாக்கினார். பின்னாளில் இவரது மனைவியான ஹேசல் வில்லியம்சின் பெற்றோரது வீட்டை ஒட்டியிருந்த கொட்டகையிலேயே இவ்வேலை நடைபெற்றது. 1952 இல், ஹேசல் கடனாகக் கொடுத்த 25 பவுண்டுகளைக் கொண்டு லோட்டஸ் நிறுவனம் தொடங்கப்பட்டது. இருவரும் 1954 இல் திருமணம் செய்துகொண்டனர்.

1956 இல் வான்வால் அணிக்காக இவர் வடிவமைத்த அடிச்சட்டம் பெரும் பெயர் பெற்றது. 1958 இல் வழங்கப்பட்ட முதலாவது தயாரிப்பாளர் உலகப் பட்டத்தை வான்வால் அணியே வென்றது. அதே ஆண்டில் மொனாக்கோ கிராண்ட் பிரீ மூலம் லோட்டஸ் அணியும் ஃபார்முலா 1 பந்தயங்களில் நுழைந்தது.

லோட்டஸ் 25 மற்றும் லோட்டஸ் 49

அக்காலத்துப் பந்தய வண்டிகள் இரும்புக் குழாய்களை இணைத்துச் செய்த சட்டத்தின் மேல் கட்டப்பட்டன. 1962 இல் வெளிவந்த லோட்டஸ் 25 இல் சாப்மன் இம்முறையைக் கைவிட்டார். விமான உடலைப் போல அலுமினியத் தகடுகளால் ஆன கூடே வண்டியின் சுமை முழுவதையும் தாங்கியது. மோனோகாக் எனப்படும் இம்முறையால் எடை குறைந்தது, உறுதியோ கூடியது. இவ்வண்டியில் இசுக்காட்லாந்து ஓட்டுனர் ஜிம் கிளார்க் 1963 இல் பத்துப் பந்தயங்களில் ஏழில் வெற்றி பெற்று உலக வாகையாளர் ஆனார். 1965 இல் அவர் மீண்டும் பட்டம் வென்றதுடன், அமெரிக்காவின் இண்டியனாபொலிஸ் 500 பந்தயத்திலும் லோட்டஸ் 38 வண்டியில் வெற்றி பெற்றார். பின்புறத்தில் எஞ்சின் பொருத்திய வண்டியொன்று அப்பந்தயத்தில் வென்றது அதுவே முதல் தடவையாகும்.

1967 இல் வெளிவந்த லோட்டஸ் 49, ஃபோர்டு நிறுவனத்தின் நிதியுதவியுடன் காஸ்வர்த் நிறுவனத்தின் கீத் டக்வர்த் வடிவமைத்த டி.எஃப்.வி. எஞ்சினைக் கொண்டிருந்தது. இதில் எஞ்சின் ஓட்டுனர் கூட்டின் பின்புறத்தில் நேரடியாகப் பொருத்தப்பட்டு, வண்டியின் கட்டமைப்பின் ஒரு பகுதியாகவே அமைந்தது. டச்சு கிராண்ட் பிரீ ஆன தனது முதற் பந்தயத்திலேயே கிளார்க்கின் கையில் இவ்வண்டி வெற்றி பெற்றது.

ஏப்ரல் 7, 1968 அன்று செருமனியின் ஹாக்கன்ஹைம் களத்தில் நடந்த ஃபார்முலா 2 பந்தயத்தில் கிளார்க் உயிரிழந்தார். நெருங்கிய நண்பருமான அவரது இழப்பு சாப்மனை மிகவும் பாதித்தது. அவ்வாண்டின் உலகப் பட்டத்தைக் கிரகாம் ஹில் லோட்டஸ் அணிக்கு வென்று கொடுத்தார்.

லோட்டஸ் 72

1970 ஆம் ஆண்டுக்கென சாப்மனும் மோரிஸ் ஃபிலிப்பும் சேர்ந்து வடிவமைத்த லோட்டஸ் 72, அதற்கு முந்தைய வண்டிகளிலிருந்து தோற்றத்திலேயே வேறுபட்டது. அதுவரை முன்மூக்கில் இருந்த ரேடியேட்டர், இரண்டாகப் பிரிக்கப்பட்டு ஓட்டுனரின் இரு பக்கங்களுக்கும் மாற்றப்பட்டது. இதனால் முன்பகுதி ஆப்பு வடிவில் தாழ்வாக அமைந்தது. காற்றின் தடை குறைந்தது. விசைச்சுருள்களுக்குப் பதிலாக முறுக்குத் தண்டுகள் பயன்படுத்தப்பட்டன. பிரேக்குகள் சக்கரங்களுக்குள் அல்லாமல் வண்டியின் உடலோடு சேர்த்துப் பொருத்தப்பட்டதால் சக்கரங்களின் எடை குறைந்தது. ஆனால் முன்சக்கரங்களையும் பிரேக்குகளையும் இணைக்க மெல்லிய தண்டுகள் தேவைப்பட்டன.

பிரேக் பிடிக்கும்போது முன்பகுதி தாழாமல் தடுக்கும் அமைப்பு ஒன்றும் முதலில் இருந்தது. அது ஓட்டுனருக்கு வண்டியின் போக்கை உணர்த்தத் தவறியதால் நீக்கப்பட்டது. திருத்தப்பட்ட வண்டியில் ஆஸ்திரியாவுக்காகப் போட்டியிட்ட யோக்கன் ரின்ட் நெதர்லாந்து, பிரான்சு, பிரித்தானியா, செருமனி ஆகிய நான்கு பந்தயங்களில் தொடர்ச்சியாக வெற்றி பெற்றார்.

ரின்டுக்கு லோட்டஸ் வண்டிகளின் உறுதியில் முழு நம்பிக்கை இருக்கவில்லை. 1969 இல் எசுப்பானிய கிராண்ட் பிரீயில், உயரத்தில் பொருத்தப்பட்ட இறக்கைகள் முறிந்ததால் அவரும் ஹில்லும் தனித்தனியே விபத்துக்குள்ளாகினர். அதன் பின்னர், உறுப்புகளை இன்னும் உறுதியாகச் செய்யுமாறு வேண்டி அவர் சாப்மனுக்குக் கடிதம் எழுதினார். செப்டம்பர் 5, 1970 அன்று இத்தாலியின் மொன்சா களத்தில், வேகத்தைக் கூட்டுவதற்காக இறக்கைகள் நீக்கப்பட்ட லோட்டஸ் 72 வண்டியை ரின்ட் பயிற்சியின்போது ஓட்டினார். பிரேக் பிடிக்கையில் வண்டி திசைமாறித் தடுப்பு வேலியில் மோதியது, ரின்ட் உயிரிழந்தார். முன் வலப்பக்கப் பிரேக் தண்டு முறிந்ததே விபத்தின் தொடக்கம் என்றும், சரியாக நிறுவப்படாத தடுப்பு வேலியே மரணத்துக்குக் காரணம் என்றும் இத்தாலிய நீதிமன்றம் பின்னர் முடிவு செய்தது.

எஞ்சிய பந்தயங்களில் ஃபெராரி அணியின் ஜாக்கி இக்ஸ் ரின்டின் புள்ளிகளை முந்தும் வாய்ப்பு இருந்தது. அக்டோபரில் நடந்த அமெரிக்க கிராண்ட் பிரீயில், லோட்டஸ் அணியின் புதிய ஓட்டுனரான பிரேசில் நாட்டு எமர்சன் ஃபிட்டிபால்டி வெற்றி பெற்றதால் அவ்வாய்ப்பு நீங்கியது. 45 புள்ளிகளுடன் ரின்ட் உலக வாகையாளர் ஆனார். இறந்த பின்னர் ஃபார்முலா 1 பட்டம் பெற்ற ஒரே ஓட்டுனர் இவரே.

1971 இல் இவ்வண்டி எந்த கிராண்ட் பிரீயிலும் வெல்லவில்லை. மறு ஆண்டில் கறுப்பு, பொன் நிறங்களில் வந்த வண்டியில் ஃபிட்டிபால்டி ஐந்து பந்தயங்களில் வென்று, 25 ஆவது வயதில் உலகப் பட்டம் பெற்றார். 1973 இல் அவரும் சுவீடனின் ரோனி பீட்டர்சனும் சேர்ந்து ஏழு வெற்றிகளைப் பெற்றனர். அடுத்து உருவாக்கப்பட்ட லோட்டஸ் 76 தோல்வியடைந்ததால் பழைய வண்டியே மீண்டும் களமிறங்கி 1974 இல் மூன்று பந்தயங்களில் வென்றது. 1975 வரை ஆறு பருவங்கள் ஓடிய லோட்டஸ் 72 மொத்தம் 20 கிராண்ட் பிரீ வெற்றிகளையும், மூன்று தயாரிப்பாளர் பட்டங்களையும், இரண்டு ஓட்டுனர் பட்டங்களையும் பெற்றது.

தரைவிளைவு வண்டிகள்

1977 இல் லோட்டஸ் 78, 1978 இல் லோட்டஸ் 79 ஆகியவற்றின் பக்கப்பெட்டிகளின் அடிப்பகுதி, தலைகீழான விமான இறக்கையைப் போல அமைக்கப்பட்டது. வண்டிக்கு அடியில் விரைந்து செல்லும் காற்றின் அழுத்தம் குறைவதால் வண்டி தரையோடு அழுத்தப்படும். எனவே வளைவுகளில் அதிக வேகத்தில் திரும்ப முடிந்தது. இம்முறையால் அமெரிக்கரான மாரியோ ஆன்ட்ரெட்டி 1978 இன் உலகப் பட்டத்தை வென்றார். ஆயினும் அவருக்குப் பட்டம் உறுதியான அதே மொன்சா பந்தயத்தில் விபத்துக்குள்ளான பீட்டர்சன் மறுநாள் இறந்தார். 1981 இல் சாப்மன் உருவாக்கிய இரட்டை அடிச்சட்ட வண்டியான லோட்டஸ் 88 பந்தயங்களில் தடை செய்யப்பட்டது.

மறைவும் மதிப்பீடும்

1982 ஆகஸ்ட்டில் ஆஸ்திரிய கிராண்ட் பிரீயில் எலியோ டி ஏஞ்சலிஸ் பெற்ற வெற்றியே சாப்மன் கண்ட கடைசி வெற்றியாகும். அதே ஆண்டு டிசம்பர் 16 அன்று, தமது 54 ஆவது வயதில் மாரடைப்பால் காலமானார். வட அயர்லாந்தில் இயங்கிய டிலோரியன் தானுந்து நிறுவனத்தின் நிதி மோசடி பற்றிய விசாரணை அப்போது நடந்துகொண்டிருந்தது. 1992 இல் இவ்வழக்கில் லோட்டஸ் குழுமத்தின் முன்னாள் நிதிப் பொறுப்பாளர் தண்டிக்கப்பட்டார். சாப்மன் உயிருடன் இருந்திருந்தால் அவருக்கும் நீண்ட சிறைத்தண்டனை கிடைத்திருக்கும் என நீதிபதி கூறியது குறிப்பிடத்தக்கது.

டீம் லோட்டஸ் அணி 1994 ஆம் ஆண்டுப் பருவத்துடன் பந்தயங்களிலிருந்து விலகியது. எனினும் மோனோகாக் உடலமைப்பு, கட்டமைப்பின் பகுதியாக அமையும் எஞ்சின், பக்கவாட்டு ரேடியேட்டர் என இவர் பரவலாக்கிய முறைகள் பின்வந்த பந்தய வண்டிகளின் பொது இலக்கணமாக நிலைத்துவிட்டன.