பரந்தோவ் குன்றில் திரையுலகை எழுப்பிய மிலோஷ் ஹவெல்

செக் திரைப்பட வரலாற்றை எழுதுவோர் நெறியாளர்களின் பெயர்களையே முதலில் குறிப்பிடுவர். அந்நெறியாளர்கள் பணியாற்றிய தளத்தைக் கட்டியவரோ, நெறியாளராகவோ நடிகராகவோ அறியப்படாத மிலோஷ் ஹவெல் என்ற தயாரிப்பாளர் ஆவார். பிற்காலத்தில் நாட்டின் ஜனாதிபதியான எழுத்தாளர் வாட்ஸ்லாவ் ஹவெலின் சிறிய தந்தை இவர்.

1899 இல் பிராக் நகரில் பிறந்த மிலோஷின் தந்தை, அந்நகரின் புகழ்பெற்ற லூசெர்னா மாளிகையைக் கட்டியவர். அம்மாளிகையின் திரையரங்கே மகனுக்குத் தொழிற்கல்வி நிலையமாயிற்று. பேசும்படம் வந்தபோது, செக் மொழி பேசுவோரின் சிறிய சந்தையை நம்பிப் பெருமுதலிடுவது துணிகரமான செயலே. எனினும் நகரின் தென்புறக் குன்றான பரந்தோவில், கட்டடக் கலைஞர் மக்ஸ் உர்பானின் வடிவமைப்பில் படப்பிடிப்பு நிலையமொன்றை அவர் எழுப்பினார். 1931 இன் இறுதியில் தொடங்கிய வேலை பதினான்கு மாதங்களில் நிறைவுற்று, 1933 ஜனவரியில் அங்கு முதற்படத்தின் படப்பிடிப்பு ஆரம்பமாயிற்று. 1937 இல் லூசெர்னாபிலிம் என்ற தயாரிப்பு நிறுவனத்தையும் நிறுவினார்.

1939 மார்ச்சில் ஹிட்லரின் படைகள் பிராக்கினுள் நுழைந்தன. நிலையத்தின் பெரும்பான்மைப் பங்கு ஜேர்மனியரின் கைக்கு மாறியது. அவர்கள் அதற்குப் பிராக் பிலிம் எனப் பெயரிட்டனர். ஹவெல் வெளியேறவில்லை. லூசெர்னாபிலிமைத் தன்வசம் வைத்துக்கொண்டு, ஆக்கிரமிப்பாளருடன் பேரம் பேசியும் விருந்துண்டும் செக் மொழிப் படங்களைத் தொடர்ந்து தயாரித்தார். எழுத்தாளர் பலருக்குத் தமது நிறுவனத்தில் வேலையும் கொடுத்தார். அதே காலத்தில், எழுத்தாளரும் நெறியாளருமான விளாடிஸ்லாவ் வான்சுரா எதிர்ப்பியக்கத்தில் ஈடுபட்டு 1942 இல் சுட்டுக் கொல்லப்பட்டார். வான்சுராவின் தியாகத்தோடு ஹவெலின் சமரசத்தை ஒப்பிட முடியாது. ஆயினும் அச்சமரசத்தின் பயனாகவே ஒரு மொழியின் திரைப்படம் அற்றுப்போகாமல் நின்றது என்பதையும் மறுப்பதற்கில்லை.

போர் முடிந்ததும் கணக்குக் கேட்கப்பட்டது. 1945 ஓகஸ்டில் திரைப்படத்துறை முழுவதும் அரசுடைமையாக்கப்பட்டது. எதிரியுடன் ஒத்துழைத்தவர் என்ற குற்றச்சாட்டுடன் ஹவெல் தொழிலிலிருந்து விலக்கப்பட்டார். நீதிமன்றத்தில் அவர்மீது குற்றம் நிரூபிக்கப்படவில்லை. இருப்பினும் அவர் கட்டிய நிலையத்தின் கதவுகள் அவருக்குத் திறக்கவுமில்லை. நாசிகளும் பின்னர் புதிய அரசும் ஒரே மனிதரின் உடைமையை அடுத்தடுத்துப் பறித்தமை விந்தையே.

கம்யூனிஸ்டுகள் 1948 இல் ஆட்சியைக் கைப்பற்றிய பின், ஒஸ்திரியா வழியாகத் தப்ப முயன்று பிடிபட்டுச் சிறை சென்றார். 1952 இல் இரண்டாம் முறை முயன்று மேற்கு ஜேர்மனியை அடைந்தார். பரந்தோவின் தளங்களில் செக் புதிய அலைப் படங்கள் உருவாகி உலகின் கவனத்தை ஈர்த்த 1960 களில், அத்தளங்களைக் கட்டியவர் மியூனிச் நகரில் அகதியாக வாழ்ந்தார். அங்கு உணவகமும் நடத்திய அவர், 1968 பெப்ரவரியில் அந்நகரிலேயே காலமானார்.