உல்ரிக்ஸ் என்னும் நியாயவாதி

மாந்தர்க்கு வேண்டும் துணிவுகளுள் தலையாயது, தம் இயல்பைத் தாமே இகழாதிருத்தலாம். அத்துணிவிற் சிறந்தவர் கார்ல் ஹைன்ரிக் உல்ரிக்ஸ் என்னும் ஜெர்மானியர்.

இவர் 1825-ஆம் ஆண்டு ஆகஸ்டு 28-ஆம் நாள் ஹனோவர் இராச்சியத்து அவுரிக் நகரிற் பிறந்தார். சட்டம் பயின்று அரசாங்க உத்தியோகத்தில் அமர்ந்தார். ஆடவரிடத்தே காதல் கொள்ளும் இயல்பினர் என்பது வெளிப்படவே, 1854-இல் உத்தியோகம் துறந்தார். ஆயினும் அவ்வியல்பு பிறவியில் அமைந்தது, குற்றமாகாது எனத் தெளிந்து, 1862-இல் சுற்றத்தார்க்கு உண்மையை அறிவித்தார். 1864 முதல் புனைபெயரிற் சிறு நூல்கள் வெளியிட்டார்.

அக்காலத்தே பிரஷ்ய நாட்டுச் சட்டம் இத்தகைய ஆடவரைச் சிறையிட்டு வந்தது. 1867-ஆம் ஆண்டு ஆகஸ்டு 29-ஆம் நாள், மியூனிக் நகரில் 500-க்கு மேற்பட்ட சட்டவறிஞர் கூடிய சபையில், அத்தகைய சட்டங்கள் ஒழியவேண்டுமென வழக்குரைக்க எழுந்தார். நெஞ்சு படபடத்தது, பழிச்சொல்லாற்றாது உயிர் மாய்த்தோரை நினைந்து மேடை ஏறினார். சபையிற் கூச்சல் மிகுந்தது, பேச்சு முற்றுப்பெறவில்லை. அதற்கு அவர் அளித்த விடை யாது? மறுவாண்டு புனைபெயரை நீக்கித் தம் சொந்தப் பெயராலேயே நூல் வெளியிட்டார்.

எனினும் 1872-இல் அக்கொடுஞ்சட்டம் ஜெர்மன் பேரரசு முழுமைக்கும் உரியதாயிற்று. 1880-இல் இத்தாலிக்குச் சென்ற உல்ரிக்ஸ், அக்விலா நகரில் 1895-ஆம் ஆண்டு ஜூலை 14-ஆம் நாள் காலமானார். அச்சட்டம் அறவே நீங்கியது 1994-இல்தான். அவரை அடக்கிய மியூனிக் நகரிலேயே இன்று ஒரு சதுக்கம் அவர் பெயரைத் தாங்கி நிற்கின்றது.

வழக்கில் வென்றாரை உலகம் போற்றும். கேளாத சபையில் நியாயம் உரைத்தாரையும் மாணவராகிய நாம் போற்றுவோமாக.