சுவரைத் தரையில் மடித்தவர்

பாலிடெக்னிக் அண்ணன்மார் பிளான், எலிவேஷன் என்று படம் வரைவதைப் பார்த்திருப்பீர்கள். அந்த முறையை ஒரு தனிப் பாடமாக ஆக்கியவர் காஸ்பார் மோன்ஜ். 1746-ல் பிரான்ஸில் போன் என்ற ஊரில், ஒரு சிறு வியாபாரியின் மகனாகப் பிறந்தார்.

பள்ளிப் படிப்பு முடிந்ததும் சொந்த ஊரை அளந்து பெரிய வரைபடம் போட்டார். அதைப் பார்த்த ராணுவ அதிகாரி ஒருவர் மெசியேர் பொறியியல் பள்ளிக்குச் சிபாரிசு செய்தார். ஆனால் அங்கே அதிகாரி ஆகணும்னா உயர்ந்த குலத்தில் பிறந்திருக்கணும்! மோன்ஜுக்குக் கிடைத்தது படம் வரையும், மாதிரி செய்யும் வேலைதான்.

ஒருநாள் கோட்டைக் கணக்கு ஒன்று அவர் கைக்கு வந்தது. எதிரியின் குண்டு உள்ளே படாமல் இருக்க மதில் எவ்வளவு உயரம் வேண்டும்? எல்லோரும் பக்கம் பக்கமாக எண் கணக்குப் போடுவார்கள். மோன்ஜ் படம் வரைந்தே சீக்கிரம் முடித்துவிட்டார். இவ்வளவு வேகமாகப் போட முடியாதே என்று அதிகாரி முதலில் விடையைப் பார்க்கவே மறுத்தாராம். (சீக்கிரம் முடிச்சா சந்தேகம் எல்லா ஊரிலும் உண்டு போல!) பிறகு சரிபார்த்தார்கள், சரியாக இருந்தது. உடனே அதை ராணுவ ரகசியம் ஆக்கிவிட்டார்கள்.

முறை இதுதான். வகுப்பு மூலையில் ஒரு குச்சியைச் சாய்வாகப் பிடியுங்கள். நேர் மேலிருந்து பார்த்துத் தரையில் ஒரு கோடு, நேர் எதிரிலிருந்து பார்த்துச் சுவரில் ஒரு கோடு. இரண்டுமே குச்சியை விடக் குட்டைதான். இப்போ சுவரைப் புத்தக அட்டை மாதிரி பின்னால் தரையோடு மடித்துவிட்டதாக நினையுங்கள். இரண்டு கோடும் ஒரே தாளில் வந்துடும். அதிலிருந்து குச்சியின் உண்மை நீளத்தை வரைந்தே எடுத்துடலாம்.

பிரெஞ்சுப் புரட்சிக்குப் பிறகு, 1795-ல்தான் இதை எல்லோருக்கும் வெளிப்படையாகக் கற்றுத்தந்தார். அந்தப் பாடங்கள் 1799-ல் புத்தகமாயின. அவர் தொடங்க உதவிய எகோல் பாலிடெக்னிக் பள்ளியில் படித்த குரோசே என்பவர் அமெரிக்கா போய், 1821-ல் ஆங்கிலத்தில் பாடநூல் எழுதினார்.

நெப்போலியனோடு எகிப்துக்கும் போனவர் மோன்ஜ். அந்த நட்பே பின்னால் வினையாயிற்று. நெப்போலியன் வீழ்ந்ததும், 1816-ல் அறிவியல் கழகத்திலிருந்து மோன்ஜை நீக்கினார்கள். 1818-ல் இறந்தார். இறுதி ஊர்வலத்துக்குப் போகக்கூடாதென்று பாலிடெக்னிக் மாணவர்களுக்கு அரசு தடை போட்டது. மாணவர்கள் அன்று போகவில்லை. பிறகு ஒன்றாகச் சேர்ந்து கல்லறைக்குப் போய் மலர்வளையம் வைத்துவிட்டு வந்தார்கள்.